பேட்டரி முழுசா போச்சா, ஒரு செல் மட்டும் பின்தங்கிடுச்சா?
இன்வெர்ட்டர், மின் ஸ்கூட்டர் வைத்திருப்பவர்கள் தெரிந்துகொள்ள வேண்டிய ‘சமன் சார்ஜ்’ கணக்கு

கரண்ட் போனால் மூன்று மணி நேரம் ஓடிய ஃபேன் இப்போது ஒரு மணி நேரத்திலேயே நின்றுவிடுகிறது. பார்க்க வந்தவர் மீட்டரை வைத்துப் பார்த்துவிட்டு, “பேட்டரி போச்சு சார், புதுசு போட்டுடலாம்” என்கிறார். மின் ஸ்கூட்டரிலும் இதே கதைதான். திரையில் 25 சதவீதம் காட்டும்போதே வண்டி திடீரென்று நின்றுவிடும். “பேக்கை மாத்தணும்” என்ற பதில் வரும்.

சில நேரம் அது உண்மைதான். ஆனால் பல நேரங்களில் முழு பேட்டரியும் கெட்டிருக்காது. அதற்குள் இருக்கும் செல்களில் ஒன்றோ இரண்டோ மற்றவற்றைவிடப் பின்தங்கியிருக்கும். அந்த ஏற்றத்தாழ்வைச் சரிசெய்ய முறையான வழி இருக்கிறது. பல ஆயிரம் ரூபாய் செலவு செய்வதற்கு முன்னால் கேட்க வேண்டிய கேள்வி ஒன்றுதான்: “ஒவ்வொரு செல்லும் என்ன காட்டுது?”

இன்னொரு விஷயமும் உண்டு. இன்வெர்ட்டரில் இருக்கும் ஈய-அமில பேட்டரிக்கு ஏற்ற வைத்தியம், ஸ்கூட்டரில் இருக்கும் லித்தியம் பேட்டரிக்கு ஆபத்து. இரண்டையும் குழப்பிக்கொள்ளக் கூடாது.

ஒரு பேட்டரிக்குள் எத்தனை செல்?

நாம் ‘ஒரு பேட்டரி’ என்று சொல்வது பெரும்பாலும் பல செல்களின் வரிசை. 12 வோல்ட் இன்வெர்ட்டர் பேட்டரிக்குள் சுமார் 2 வோல்ட் கொண்ட 6 செல்கள் இருக்கின்றன. மேலே தெரியும் ஆறு மூடிகளும் அந்த ஆறு செல்களுக்கானவை. 24 வோல்ட் இன்வெர்ட்டர் என்றால் இரண்டு பேட்டரி, ஆக மொத்தம் 12 செல்.

லித்தியம் வகையில் எல்.எஃப்.பி. செல் ஒன்று 3.2 வோல்ட். 16 செல்களை வரிசையாக இணைத்தால் 51.2 வோல்ட். மின் ஸ்கூட்டர்களிலும் வீட்டு லித்தியம் பேட்டரிகளிலும் இப்படிப்பட்ட வரிசைகள்தான் இருக்கின்றன.

வரிசையில் இருக்கும் எல்லா செல்லிலும் ஒரே அளவு மின்னோட்டம்தான் ஓடும். ‘இந்த செல்லுக்குக் கொஞ்சம் அதிகமா, அந்த செல்லுக்குக் கொஞ்சம் குறைவா’ என்று சாதாரண சார்ஜரால் கொடுக்க முடியாது. பிரச்சினை இங்கேதான் தொடங்குகிறது.

ஆறு குடம் கணக்கு

ஆறு குடங்கள் இருக்கின்றன என்று வைத்துக்கொள்வோம். தண்ணீர் எடுத்தால் ஆறிலிருந்தும் ஒவ்வொரு சொம்பு எடுக்கணும். ஊற்றினால் ஆறிலும் ஒவ்வொரு சொம்பு ஊற்றணும். இதுதான் விதி.

அதில் ஒரு குடம் லேசாகக் கசிகிறது. கொஞ்ச நாளில் அதில் மட்டும் தண்ணீர் குறைந்திருக்கும். எடுக்கும்போது அந்தக் குடம்தான் முதலில் காலியாகும். மற்ற ஐந்திலும் தண்ணீர் இருந்தாலும், விதிப்படி அதோடு நிறுத்தியாகணும். ஊற்றும்போது மற்ற ஐந்தும் முதலில் நிரம்பிவிடும். அதோடு நிறுத்தினால் கசியும் குடம் நிரம்பாமலே இருக்கும். இப்படி ஒவ்வொரு முறையும் அந்தக் குடம் இன்னும் கொஞ்சம் பின்தங்கும்.

பேட்டரியிலும் இதேதான் நடக்கிறது. பேட்டரியின் பலம் அதன் மிகவும் பலவீனமான செல்லின் பலம்தான்.

செல்கள் ஏன் பின்தங்குகின்றன? தயாரிக்கும்போதே சிறு வித்தியாசங்கள் இருக்கும். சும்மா இருக்கும்போது தானாக இறங்கும் வேகம் செல்லுக்கு செல் மாறும். நடுவில் இருக்கும் செல்கள் அதிகம் சூடாகும். ஈய-அமில பேட்டரியில் ஒரு செல்லில் மட்டும் தண்ணீர் ஊற்ற மறந்தாலும் போதும். முழு சார்ஜ் ஏறாமலே திரும்பத் திரும்பப் பயன்படுத்தினால் தகடுகளில் லெட் சல்பேட் கெட்டியாகப் படிந்துவிடும். உயரமான ட்யூபுலர் பேட்டரிகளில் கனமான ஆசிட் அடியில் தங்கி, மேலே நீர்த்துப்போன ஆசிட் நிற்பதும் உண்டு.

இன்வெர்ட்டர் பேட்டரி: எப்படிக் கண்டுபிடிப்பது?

பேட்டரியின் இரண்டு முனைகளில் மீட்டர் வைத்துப் பார்ப்பது மட்டும் போதாது. ஏன் என்று ஒரு உதாரணத்தோடு பார்ப்போம்.

செல்லின் ஆசிட் அடர்த்தியை ‘கிராவிட்டி’ என்று மெக்கானிக்குகள் சொல்வார்கள். அதை அளக்கும் கருவி ஹைட்ரோமீட்டர். இன்வெர்ட்டர் ட்யூபுலர் பேட்டரிகள் பலவற்றில் முழு சார்ஜில் இது 1.240 அளவில் இருக்கும். உங்கள் பேட்டரிக்கான சரியான எண் கையேட்டில் இருக்கும். ஒரு பேட்டரியில் ஆறு செல்களும் இப்படிக் காட்டுகின்றன என்று வைத்துக்கொள்வோம்: 1.240, 1.235, 1.240, 1.195, 1.240, 1.235.

நான்காவது செல் பின்தங்கிவிட்டது என்பது பார்த்தவுடனே தெரிகிறது. ஆனால் மொத்த வோல்ட்டேஜில் இதனால் வரும் வித்தியாசம் சுமார் 0.05 வோல்ட்தான். சாதாரண மீட்டர் ‘12.4, நல்லாத்தான் இருக்கு’ என்று காட்டிவிடும். செல்களுக்கிடையே உள்ள இணைப்புகள் பெட்டிக்குள்ளே இருப்பதால், வெளியிலிருந்து ஒவ்வொரு செல்லின் வோல்ட்டேஜையும் தனியாக அளப்பதும் கடினம். அதனால்தான் கிராவிட்டி பார்ப்பது முக்கியம்.

பொதுவாக, முழுசாக சார்ஜ் ஏறிய பேட்டரியில் அதிகமான எண்ணுக்கும் குறைவான எண்ணுக்கும் 0.030 அல்லது அதற்கு மேல் வித்தியாசம் இருந்தால், சமன் சார்ஜ் தேவை என்று எடுத்துக்கொள்வார்கள். மேலே சொன்ன உதாரணத்தில் வித்தியாசம் 0.045.

கவனிக்க: டிஸ்டில்டு வாட்டர் ஊற்றிய உடனே கிராவிட்டி பார்த்தால் எண் தவறாக வரும். புதுத் தண்ணீர் மேலேயே நிற்கும். சார்ஜ் ஏறி ஆசிட்டோடு கலந்த பிறகுதான் பார்க்கணும்.

சமன் சார்ஜ் என்றால் என்ன?

மறுபடி குடத்துக்கு வருவோம். ஐந்து குடம் நிரம்பிவிட்டது, ஒன்று நிரம்பவில்லை. என்ன செய்யலாம்? நிறுத்தாமல் மெதுவாக ஊற்றிக்கொண்டே இருக்கலாம். நிரம்பிய ஐந்தும் வழியும். ஆறாவது மெல்ல நிரம்பும்.

ஈய-அமில பேட்டரியில் இப்படித் தெரிந்தே, கட்டுப்பாட்டோடு கொடுக்கும் கூடுதல் சார்ஜ்தான் ‘ஈக்குவலைசிங் சார்ஜ்’. ஒரு செல்லில் சுமார் 2.4 வோல்ட்டைத் தாண்டும்போது ஏற்கனவே நிரம்பிய செல்களில் குமிழி வரத் தொடங்கும். அவற்றில் உள்ள தண்ணீர் ஹைட்ரஜனாகவும் ஆக்ஸிஜனாகவும் பிரியும். இதுதான் ‘வழிதல்’. அதே நேரத்தில் பின்தங்கிய செல் சார்ஜ் ஏற்றிக்கொண்டே வரும். குமிழிகள் ஆசிட்டைக் கலக்கிவிடுவதால், அடியில் தங்கிய கனமான ஆசிட்டும் மேலே உள்ளதோடு சேரும். தகட்டில் படிந்த சல்பேட்டில் ஒரு பகுதியும் கரையும்.

இந்த நேரத்தில் 12 வோல்ட் பேட்டரியில் வோல்ட்டேஜ் 15-ஐத் தாண்டலாம். மின்னோட்டத்தைக் குறைவாகத்தான் வைக்கணும். மணிக்கு ஒருமுறை கிராவிட்டி பார்ப்பார்கள். தொடர்ந்து மூன்று முறை எண் ஏறாமல் நின்றால் வேலை முடிந்தது என்று அர்த்தம். பேட்டரி அதிகம் சூடானால் நிறுத்தி ஆறவிட வேண்டும்.

இதை யார் செய்யணும்? சில இன்வெர்ட்டர்கள் தாங்களாகவே குறிப்பிட்ட இடைவெளியில் சமன் சார்ஜ் கொடுக்கும். உங்கள் கருவியில் அந்த வசதி இருக்கிறதா என்று கையேட்டில் பாருங்கள். பேட்டரி வகையைத் தேர்வு செய்யும் பொத்தான் இருந்தால், அது உங்கள் பேட்டரிக்கு ஏற்றபடி வைக்கப்பட்டிருக்கிறதா என்றும் பாருங்கள். ட்யூபுலர் பேட்டரி போட்டுவிட்டு வேறு வகையில் வைத்திருந்தால், வருடக்கணக்கில் முழு சார்ஜ் ஏறாமலே போகலாம். வசதி இல்லாத இன்வெர்ட்டர் என்றால், பேட்டரியைக் கழற்றி சர்வீஸ் கடையில் தனி சார்ஜரில் போடுவதே சரி. அதிக வோல்ட்டேஜ் இன்வெர்ட்டரைக் கெடுக்கக்கூடும் என்பதால் வீட்டிலேயே சோதனை செய்து பார்க்க வேண்டாம்.

இதனால் சரியாகாதது எது?

சமன் சார்ஜ் சர்வரோக நிவாரணி இல்லை. செல்லுக்குள் ஷார்ட் ஆகியிருந்தால், தகட்டுப் பொருள் உதிர்ந்துபோயிருந்தால், எவ்வளவு சார்ஜ் போட்டாலும் அந்த செல் ஏறாது. முழு சார்ஜுக்குப் பிறகும் 12 வோல்ட் பேட்டரி 10.4 வோல்ட் அளவிலேயே நின்றால், ஒரு செல் முழுவதும் போய்விட்டது என்று புரிந்துகொள்ளலாம். அப்போது மாற்றத்தான் வேண்டும்.

தேவையில்லாமல் அடிக்கடி செய்வதும் நல்லதல்ல. ஒவ்வொரு முறையும் தண்ணீர் குறையும், தகடும் தேயும். ஏற்றத்தாழ்வு தெரிந்தால் செய்யணும், அல்லது தயாரிப்பாளர் சொன்ன இடைவெளியில் செய்யணும்.

மூடி திறக்க முடியாத சீல்டு பேட்டரிகளுக்கும் ஜெல் பேட்டரிகளுக்கும் இந்த முறை வேண்டாம். போன தண்ணீரை அவற்றில் திரும்ப ஊற்ற வழியில்லை. தயாரிப்பாளர் எழுத்தில் சொல்லியிருந்தால் ஒழிய, தொடக் கூடாது.

பாதுகாப்பு முக்கியம்

• காற்றில் 4 சதவீதம் ஹைட்ரஜன் சேர்ந்தாலே தீப்பொறி பட்டால் வெடிக்கும். பேட்டரி இருக்கும் இடத்தில் காற்றோட்டம் வேண்டும். விளக்கு, ஊதுபத்தி, பீடி, சிகரெட் எதுவும் அருகில் கூடாது. பூஜை அலமாரிக்குக் கீழே இன்வெர்ட்டரை வைத்திருப்பவர்கள் இடத்தை மாற்றுவது நல்லது.
• தண்ணீர் ஊற்றுவது முழு சார்ஜுக்குப் பிறகுதான். தகடு வெளியே தெரிந்தால் மட்டும், அது மூழ்கும் அளவுக்கு முன்னதாகவே ஊற்றலாம்.
• டிஸ்டில்டு வாட்டர் மட்டும்தான். போர் தண்ணீர், கேன் தண்ணீர், ஏ.சி.யிலிருந்து சொட்டும் தண்ணீர் வேண்டாம்.
• கிராவிட்டி குறைந்திருக்கிறது என்று ஆசிட் ஊற்றாதீர்கள். எண் மட்டும் ஏறும், நோய் மறைந்திருக்கும், தகடு சீக்கிரம் போகும்.
• கண்ணாடி, ரப்பர் கையுறை இல்லாமல் மூடியைத் திறக்க வேண்டாம். கண்ணில் ஆசிட் பட்டால் உடனே நிறைய தண்ணீரில் தொடர்ந்து கழுவிவிட்டு மருத்துவமனைக்குச் செல்லுங்கள்.

பழசு ஒன்று, புதுசு ஒன்று வேண்டாம்

24 வோல்ட் இன்வெர்ட்டரில் இரண்டு பேட்டரியில் ஒன்று கெட்டால், “ஒண்ணை மட்டும் மாத்திக்கலாமே” என்று தோன்றும். இரண்டுமே புதியவை என்ற நிலையில், உத்தரவாதத்தில் ஒன்றை மாற்றினால் பெரிய சிக்கல் இல்லை. ஆனால் நான்கு வருடப் பழையதோடு புதியதைச் சேர்த்தால் குடம் கணக்குதான். பழையது சீக்கிரம் நிரம்பும், சீக்கிரம் காலியாகும். புதியது முழுசாக ஏறாமல் அரைகுறையாகவே இருந்து, அதுவும் சல்பேட் படிந்து கெடும். கடைசியில் இரண்டுக்கும் செலவு. நான்கைந்து பேட்டரிகளை வரிசையில் இணைத்து ஓட்டும் இ-ரிக்‌ஷாக்களுக்கும் இது பொருந்தும். டார்ச்சில் பழைய ரீசார்ஜ் செல்லையும் புதியதையும் கலந்து போடக் கூடாது என்பதற்கும் இதே காரணம்தான்.

லித்தியம் பேட்டரி: இங்கே ‘வழியவிடக்’ கூடாது

லித்தியம் செல்லுக்குள் பிரித்தெடுக்கத் தண்ணீர் இல்லை. நிரம்பிய பிறகும் சார்ஜ் ஏற்றினால் அது செல்லையே சிதைக்கும், சூடாக்கும், தீப்பிடிக்கவும் வைக்கும். எல்.எஃப்.பி. செல்லுக்கு மேல் எல்லை பொதுவாக 3.65 வோல்ட். என்.எம்.சி. வகைக்கு 4.2 வோல்ட். வரிசையில் எந்த ஒரு செல் அந்த எல்லையைத் தொட்டாலும் சார்ஜ் நிற்கணும். எந்த ஒரு செல் கீழ் எல்லையைத் தொட்டாலும் வண்டி நிற்கணும்.

இதைக் கவனிக்கும் காவல்காரர்தான் பி.எம்.எஸ். என்ற மின்னணுப் பலகை. செல்களைச் சமன் செய்வதும் அதன் வேலைதான். பெரும்பாலான பி.எம்.எஸ். பின்பற்றும் முறை எளிது: நிரம்பிய குடத்தில் ஒரு சிறு குழாயைத் திறந்துவிடுவது. அதாவது, முன்னால் போய்விட்ட செல்லிலிருந்து கொஞ்சம் மின்சாரத்தை ஒரு ரெசிஸ்டர் வழியே வெப்பமாக வெளியேற்றும். மற்றவை அதன் அளவுக்கு வந்து சேரும். விலை அதிகமான சில அமைப்புகள், வீணாக்காமல் ஒரு செல்லிலிருந்து இன்னொரு செல்லுக்கே மாற்றிக் கொடுக்கும்.

அந்தக் குழாய் மிகச் சிறியது. ஒரு கணக்கு பார்ப்போம். 30 ஆம்பியர்-ஹவர் பேக்கில் ஒரு செல் 2 சதவீதம் முன்னால் இருக்கிறது என்றால், வித்தியாசம் 0.6 ஆம்பியர்-ஹவர். பி.எம்.எஸ். 60 மில்லி ஆம்பியர் வீதம் வெளியேற்றினால், சமன் ஆக 10 மணி நேரம் ஆகும். பல பி.எம்.எஸ்.கள் சார்ஜ் கிட்டத்தட்ட நிரம்பிய நிலையில்தான் இந்த வேலையைச் செய்யும். எப்போதும் 80 சதவீதத்திலேயே பிளக்கைப் பிடுங்கிவிட்டால், அதற்கு வாய்ப்பே கிடைக்காது.

எல்.எஃப்.பி. வகையில் இன்னொரு சிக்கல். நடுவில் பெரும் பகுதிக்கு வோல்ட்டேஜ் 3.2 முதல் 3.3-க்குள்ளேயே நிற்கும். எந்த செல் முன்னால், எது பின்னால் என்று பி.எம்.எஸ்.க்கே அப்போது தெரியாது. நிரம்பும் நேரத்தில்தான் தெரியும். அதனால்தான் எல்.எஃப்.பி. பேட்டரியை அவ்வப்போது 100 சதவீதம் வரை சார்ஜ் செய்யச் சொல்லிப் பல தயாரிப்பாளர்கள் கையேட்டில் எழுதுகிறார்கள். என்.எம்.சி. வகைக்கு அறிவுரை வேறாக இருக்கலாம். உங்கள் வண்டி எந்த வகை என்பதைத் தெரிந்துகொண்டு, கையேட்டைப் பின்பற்றுங்கள்.

வண்டியின் கி.மீ. திடீரென்று குறைந்தாலோ, 20-30 சதவீதத்திலிருந்து நேராக 0-க்கு விழுந்தாலோ, முதலில் கையேடு அனுமதிக்கும்படி சாதாரண சார்ஜரில் 100 வரை ஏற்றி, அதன் பிறகும் சில மணி நேரம் இணைப்பில் விட்டுப் பாருங்கள். வீட்டில் ஆள் விழித்திருக்கும் நேரத்தில், வெளியேறும் வழியை மறிக்காத இடத்தில் இதைச் செய்யுங்கள். இரண்டு மூன்று முறை செய்தும் மாற்றம் இல்லையென்றால் சர்வீஸ் சென்டருக்குப் போங்கள்.

செய்யவே கூடாதவை:

• பி.எம்.எஸ்.ஸைத் தவிர்த்து நேராக சார்ஜ் ஏற்றுவது. ‘பைபாஸ் பண்ணித் தரேன்’ என்று யார் சொன்னாலும் மறுத்துவிடுங்கள்.
• வேறு வண்டியின் சார்ஜரைப் பயன்படுத்துவது.
• பேக்கைப் பிரித்து ஒரு செல்லை மட்டும் மாற்றுவது.
• மாதக்கணக்கில் 0 சதவீதத்தில் நிறுத்திவைத்த பேக்குக்கு உயிர் கொடுக்க முயல்வது. அளவுக்கு மீறி இறங்கிய செல்லில் உள்ளே செம்பு கரைந்து ஷார்ட் ஆகும் அபாயம் உண்டு.
• மழை வெள்ளத்தில் மூழ்கிய பேக்கை, காய்ந்துவிட்டது என்று நினைத்து சார்ஜில் போடுவது.

இருசக்கர, மூன்று சக்கர மின் வாகன பேட்டரிகளுக்கான ஏ.ஐ.எஸ்.-156 பாதுகாப்பு விதிகள் 2022 டிசம்பரிலும் 2023 மார்ச் இறுதியிலும் இரண்டு கட்டங்களாகக் கடுமையாக்கப்பட்டன. புதிய வண்டியோ மாற்று பேட்டரியோ வாங்கும்போது, அது இந்த விதிக்கு உட்பட்டதா என்று கேளுங்கள்.

கையில் இருக்கும் போனுக்கு?

பெரும்பாலான போன்களில் ஒரே ஒரு செல்தான். சமன் செய்ய இன்னொரு செல் இல்லை. மாதம் ஒருமுறை 0 வரை இறக்கி 100 வரை ஏற்றினால் பேட்டரி புதுசாகும் என்பது சரியல்ல. அப்படிச் செய்வதால் திரையில் காட்டும் சதவீதக் கணக்கு வேண்டுமானால் கொஞ்சம் துல்லியமாகலாம். பேட்டரியின் கொள்ளளவு கூடாது.

உங்கள் உரிமை, உங்கள் கடமை

போனிலேயே செய்யக்கூடியவை இவை:

1. பேட்டரி வாங்கிய பில், உத்தரவாத அட்டை, பேட்டரியின் வரிசை எண் மூன்றையும் வாங்கிய அன்றே படமெடுத்து வையுங்கள்.
2. ஐ.எஸ்.ஐ. முத்திரை இருந்தால், அதன் உரிம எண்ணை ‘பி.ஐ.எஸ். கேர்’ செயலியில் போட்டு உண்மையா என்று பார்க்கலாம்.
3. உத்தரவாதத்தில் கொடுக்கும்போது, சோதனை முடிவை எழுத்தில் கேளுங்கள். ஈய-அமில பேட்டரி என்றால் ஆறு செல்லின் கிராவிட்டி. லித்தியம் என்றால் பி.எம்.எஸ்.ஸில் பதிவான செல் வோல்ட்டேஜ்கள். “பேட்டரி போச்சு” என்ற ஒற்றை வரி போதாது.
4. மறுத்தாலோ, காரணம் சொல்லாமல் இழுத்தடித்தாலோ, தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-ஐ அழையுங்கள். 8800001915 என்ற எண்ணுக்கு வாட்ஸ்அப்பிலும் புகார் அனுப்பலாம்.
5. அப்படியும் தீரவில்லை என்றால், மாவட்ட நுகர்வோர் ஆணையத்தை 2 ஆண்டுகளுக்குள் அணுகலாம். பொருளுக்குக் கொடுத்த தொகை 5 லட்சம் ரூபாய் வரை என்றால் கட்டணம் இல்லை. ‘இ-ஜாக்ருதி’ தளத்தில் இணைய வழியிலும் மனு கொடுக்கலாம்.

பேட்டரி உண்மையிலேயே முடிந்துவிட்டதா? 2022 ஆகஸ்ட்டில் வந்த பேட்டரிக் கழிவு மேலாண்மை விதிகளின்படி, பழைய பேட்டரியைக் குப்பையோடு சேர்க்காமல் தனியாகக் கொடுப்பது நம் கடமை. திரும்பப் பெற்று மறுசுழற்சி செய்வது தயாரிப்பாளரின் பொறுப்பு. புதியது வாங்கும் கடையிலேயே பழையதைக் கொடுத்து, அதன் மதிப்பை பில்லில் கழிக்கச் சொல்லுங்கள். ஆசிட்டைச் சாக்கடையில் கொட்டி, ஈயத்தைத் தனியாக உருக்கும் இடங்களுக்கு அது போகக் கூடாது. அங்கே நிலமும் தண்ணீரும் கெடும். சுற்றியுள்ள குழந்தைகளின் இரத்தத்தில் ஈயம் சேரும்.

பேட்டரி உப்பினாலோ, புகை வந்தாலோ, விசித்திர வாசனை வந்தாலோ தொட வேண்டாம். எல்லோரும் வெளியேறிவிட்டு 101 அல்லது 112-ஐ அழையுங்கள்.

அடுத்த முறை யாராவது “பேட்டரி போச்சு” என்று சொன்னால், பர்ஸைத் திறப்பதற்கு முன் செல் வாரியான எண்களைக் கேட்டு வாங்குங்கள். எல்லா எண்ணும் கீழே இருந்தால் முதலில் முழு சார்ஜ் ஏற்றிப் பாருங்கள். ஒன்று மட்டும் பின்தங்கியிருந்தால், ஈய-அமிலத்துக்கு சமன் சார்ஜ், லித்தியத்துக்கு பி.எம்.எஸ். போதிய நேரம். அதற்கும் அசையாத செல் என்றால்தான் மாற்றணும்.